காத்திருக்கும் அணுக்களின் மொழி

1928-ல் பென்னிங் என்ற டச்சு இயற்பியலாளர் ஒரு விநோதத்தைக் கவனித்தார். நியான் வாயு நிரப்பி மின்சாரம் பாய்ச்சிய ஒரு கண்ணாடிக் குழாய். பக்கத்தில் இன்னொரு நியான் குழாய் எரிந்தால், முதல் குழாயின் மின்னழுத்தம் மாறியது. இரண்டையும் இணைக்கும் கம்பி ஏதும் இல்லை. அங்கிருந்து இங்கே வந்து சேர்ந்தது வெளிச்சம் மட்டும்தான். மின்சாரம் பாய்ந்து இப்படி ஒளிரும் வாயுவைப் பிளாஸ்மா என்பார்கள். ஒரு பிளாஸ்மாவின் ஒளியை இன்னொரு பிளாஸ்மா உணர்ந்திருக்கிறது!

ஒளிக்கோலங்களால் பேசிக்கொள்ளும் வேற்றுலகப் பிளாஸ்மா உயிர் என்ற கற்பனை என்னை விடாமல் பிடித்திருப்பதற்கு இந்தச் சோதனைதான் காரணம். அப்படியோர் உயிரை யாரும் எங்கும் கண்டதில்லை. நாமே ஒன்றைக் கட்டிப் பார்ப்போம். பெயர் சுடரி. தெரிந்த இயற்பியலை அது மீறக்கூடாது என்பது மட்டுமே நிபந்தனை.

முதலில் உடம்பு. வாயுவுக்குப் போதிய ஆற்றல் கொடுத்தால் அணுக்களிலிருந்து எலக்ட்ரான்கள் பிரிந்து, எலக்ட்ரான்களும் அயனிகளும் (எலக்ட்ரானை இழந்த அணுக்கள்) கலந்த குழம்பாகிறது. அதற்குப் பிளாஸ்மா என்று இர்விங் லாங்மியூர் பெயரிட்டதும் அதே 1928-ல்தான். செல்களைச் சுமந்து ஓடும் ரத்தப் பிளாஸ்மாவின் நினைவில் அவர் அந்தச் சொல்லை எடுத்தார் என்று உடன் பணியாற்றியவர் பின்னாளில் எழுதியிருக்கிறார். உயிர் சார்ந்த சொல் ஒன்று ஆரம்பத்திலேயே இதனுடன் ஒட்டிக்கொண்டது எனக்குப் பிடித்த தற்செயல்.

உடம்புக்கு ஒரு தோலும் வேண்டுமே? பிளாஸ்மா அதைத் தானே போட்டுக்கொள்ளும். நேர் மின்னூட்டமும் எதிர் மின்னூட்டமும் அருகருகே இரண்டு மெல்லிய படலங்களாக அமைந்து, உள்ளே இருப்பதை வெளியிலிருந்து பிரித்துவிடும். ருமேனியாவின் இயாசி நகரில் சந்துலோவிச்சுவும் லோஸ்னியானுவும் ஆர்கான் வாயுவில் இப்படிப்பட்ட பிளாஸ்மா உருண்டைகளை உண்டாக்கி, அவை பெருத்துப் பிளவுபடுவதை 2003-ல் விவரித்தார்கள். அவற்றை உயிர் என்று சொல்ல நான் தயாராக இல்லை. ஆனால் தோல் சாத்தியம் என்பதற்கு அது போதும்.

இனி குரல். பிளாஸ்மாவில் ஓடித் திரியும் எலக்ட்ரான் ஓர் அணுவை மோதினால் அந்த அணு கிளர்வு நிலைக்கு, அதாவது ஆற்றல் கூடிய நிலைக்கு ஏறும். இறங்கும்போது ஒளியை விடும். எவ்வளவு நேரம் கழித்து இறங்கும் என்பதில்தான் சுவாரஸ்யம் இருக்கிறது. பூமியின் துருவப் பகுதிகளில் இரவு வானில் தோன்றும் துருவ ஒளியில் தெரியும் மூன்று நிறங்களை எடுத்துக்கொள்ளுங்கள். நைட்ரஜன் அயனியின் நீலம், நொடியைக் கோடிப் பங்காக்கினால் அதில் ஒரு பங்குக்குள் வெளிவந்துவிடும். ஆக்சிஜன் அணுவின் பச்சை, அதாவது 557.7 நானோமீட்டர் ஒளி, சராசரியாக முக்கால் நொடி காத்திருக்கும். அதே அணுவின் 630 நானோமீட்டர் சிவப்போ ஏறக்குறைய 110 நொடி காத்திருக்கும்! இப்படி இறங்காமல் தங்கும் நிலையைச் சிற்றுறுதி நிலை என்பார்கள்.

சுடரியின் உடம்பில் இந்த இரண்டு வாயுக்களும் இருந்தால் அதன் பேச்சு மூன்று வேகத்தில் நடக்கும். நீலத்தில் படபடவென்று எத்தனை துடிப்பு வேண்டுமானாலும் அனுப்பலாம். பச்சையில் நொடிக்கு ஓர் அசை என்பதே அதிகம், அதற்கு மேல் போனால் ஒன்றோடொன்று குழம்பிவிடும். சிவப்பில் சொல் என்று எதுவுமே நிற்காது. கடந்த இரண்டு நிமிடம் எப்படிப் போனது என்ற மனநிலை மட்டும் அதில் தேங்கியிருக்கும்.

இந்தச் சிவப்புக்கு இன்னொரு நிபந்தனையும் உண்டு. 110 நொடிக்குள் பக்கத்து மூலக்கூறு வந்து மோதினால் ஆற்றல் அதற்குப் போய்விடும், ஒளி வராது. பூமியில் இந்தச் சிவப்பு பெரும்பாலும் 200 கிலோமீட்டருக்கு மேல், காற்று மிக மெலிந்த இடத்தில் தெரிவது அதனால்தான். ஆகவே அடர்ந்த வாயுவுக்குள் இறங்கும் சுடரி தன் சிவப்பை இழக்கும். வார்த்தை வரும், மனநிலை தெரியாது. மேலே வாழ்பவைக்கும் கீழே வாழ்பவைக்கும் வெவ்வேறு வட்டார வழக்குகள் உருவாக இதுவே போதும்.

எலக்ட்ரான்களைத் தாளத்தோடு தட்டிவிடுவது எது? இதற்கு இயற்கையிலேயே முன்மாதிரி உண்டு. துருவ ஒளியில் சில திட்டுகள் சில நொடிகளுக்கு ஒருமுறை எரிந்து அணையும். பூமியைச் சூழ்ந்த பிளாஸ்மாவில் எழும் ஒருவகை அலைகள் எலக்ட்ரான்களைக் கொத்துக் கொத்தாகக் கீழே சிதறடிப்பதே காரணம் என்பதை ஜப்பானின் அராசே செயற்கைக்கோள் தரவுகள் 2018-ல் நேரடியாகக் காட்டின. அந்த அலைகளை ஒலியாக மாற்றிக் கேட்டால் விடியற்காலைப் பறவைக் கூட்டம்போல் இருக்கும். சுடரியின் உடம்புக்குள்ளும் அத்தகைய அலைகளே நாக்கின் வேலையைச் செய்யும்.

அடுத்து செவி. இங்கே பென்னிங்கின் குழாய்க்குத் திரும்புவோம். நியான் அணு அயனியாக 21.6 எலக்ட்ரான்வோல்ட் ஆற்றல் வேண்டும். சிற்றுறுதி நிலையில் காத்திருக்கும் அணு ஏற்கெனவே 16.6 வரை ஏறி நிற்கிறது. இன்னும் சின்னத் தட்டு போதும், அயனியாகிவிடும். அந்த நேரம் பார்த்து பக்கத்துக் குழாயின் நியான் ஒளி விழுந்தால், அணு அதை விழுங்கி வேறொரு நிலைக்குப் போய், அங்கிருந்து சரிந்து அடிமட்டத்துக்கே இறங்கிவிடக்கூடும். படிக்கட்டில் பாதி வழி நின்றவர்கள் குறைகிறார்கள், அயனிகளும் குறைகின்றன, மின்னழுத்தம் மாறுகிறது. அலைநீளம் அச்சாகப் பொருந்தினால்தான் இது நடக்கும். சுடரிக்குள் கொஞ்சம் நியான் இருந்தால், தன் இனத்தின் நியான் ஒளியை மட்டும் பொறுக்கியெடுக்கும் செவி அதற்குக் கிடைத்துவிடும்.

பச்சையையும் சிவப்பையும் இந்த வழியில் கேட்க முடியாது. வெளிவரத் தயங்கும் ஒளியை அணுக்கள் உள்வாங்கவும் அதே அளவு தயங்கும். அதற்குத் தூசி வேண்டும். சீசியம் கலந்த பூச்சு சிவப்பு ஒளி பட்டாலும் எலக்ட்ரானை உதிர்க்கும். பழைய ஒளிமின்கலங்கள் அப்படித்தான் வேலை செய்தன. அத்தகைய பூச்சுள்ள நுண்துகள்கள் சுடரிக்குக் கண்.

நினைவும் தூசியில்தான் இருக்க முடியும். மின்சாரம் நின்றால் பிளாஸ்மா கணத்தில் கலைந்துவிடும், அதில் எதையும் எழுதிவைக்க முடியாது. பிளாஸ்மாவில் மிதக்கும் துகள்கள் படிகம்போல் ஒழுங்காக அடுக்கி நிற்பதை 1994-ல் ஆய்வகங்களில் கண்டார்கள். 2007-ல் சைட்டோவிச்சும் கூட்டாளிகளும் செய்த கணினிக் கணிப்பில் அத்துகள்கள் திருகுச்சுருளாகச் சேர்ந்தன. ஒரே சுருளில் இரண்டு வேறு ஆரங்கள் நிலைத்து நிற்க முடிந்தது. அகலம், குறுக்கம் என்ற இரண்டு நிலை கிடைத்தால் எழுத்து கிடைத்த மாதிரி.

சுடரிக்கு மௌனம் மட்டும் வாய்க்காது. உடம்பை நிலைநிறுத்தும் அதே எலக்ட்ரான் மோதல்கள்தான் ஒளியையும் உண்டாக்குகின்றன, ஒன்றை நிறுத்தி மற்றதை வைத்துக்கொள்ள வழியில்லை. உறங்கும் சுடரியும் மங்கலாக எதையோ சொல்லிக்கொண்டே இருக்கும். ஆற்றல் வரத்து நின்றுபோன சுடரியில் முதலில் அணைவது நீலம். பச்சை அடுத்த ஓரிரு நொடியில் தேயும். சிவப்பு மட்டும் அதற்குப் பிறகும் இரண்டு நிமிடம்போல மெல்ல மெல்ல மங்கியபடி இருக்கும், சுற்றியுள்ளவை தங்கள் தூசியால் அதைப் பார்த்துக்கொண்டிருக்கும்.