ஓஸ்பெடாலே டெலி இன்னோசென்ட்டி – சொல் விளக்கம்

இத்தாலியின் புளோரன்ஸ் நகரத்தில் சாந்திஸ்ஸிமா அனுன்சியாத்தா சதுக்கத்தை ஒட்டி நிற்கும் பழைய குழந்தைகள் இல்லத்தின் பெயர் இது. அகராதியைப் பார்த்து 'அப்பாவிகள் மருத்துவமனை' என்று எழுதிவிட்டால் இரண்டு சொல்லுமே பிழையாகிவிடும்.

ஓஸ்பெடாலே என்பதன் வேர், லத்தீன் 'ஹோஸ்பெஸ்'. வந்த விருந்தாளிக்கும் வரவேற்கும் வீட்டுக்காரருக்கும் அந்த ஒரே சொல்தான். இடைக்கால ஐரோப்பாவில் யாத்திரிகர், ஏழை, கைவிடப்பட்ட குழந்தை என்று யார் வந்தாலும் தங்க இடம் தந்த அறநிலையத்தை இப்படி அழைத்தார்கள். நோயாளிகளுக்கான இடம் என்று பொருள் சுருங்கியது பிற்பாடுதான். எனவே தமிழில் 'இல்லம்' அல்லது 'புகலிடம்' பொருந்தும்.

இன்னோசென்ட்டி என்றால் நேர்ப்பொருளில் தீங்கு செய்யாதவர்கள். ஆனால் இங்கே அது பைபிளிலிருந்து வந்த பெயர். பெத்லகேமில் இரண்டு வயதுக்குட்பட்ட ஆண் குழந்தைகளை ஏரோது மன்னன் கொல்லச் செய்தான் என்கிறது மத்தேயு நற்செய்தி. அந்தக் குழந்தைகளின் நினைவுநாள் டிசம்பர் 28. தமிழ்க் கத்தோலிக்கர்கள் அதை மாசில்லாக் குழந்தைகள் விழா என்கிறார்கள். சரியான சொல் ஏற்கெனவே புழக்கத்தில் இருக்கும்போது புதிதாக ஒன்றைத் தேட வேண்டியதில்லை: மாசில்லாக் குழந்தைகள் இல்லம்.

'அனாதை இல்லம்' என்றும் சிலர் எழுதக்கூடும். எனக்கு அதில் உடன்பாடில்லை. இங்கே விடப்பட்ட குழந்தைகள் பலருக்குத் தாய் உயிரோடு இருந்தாள்; வறுமையோ ஊர்ப் பழியோதான் பிரித்தது. பாதியாக உடைத்த பதக்கம், ஒரு மணி, ஒரு துண்டுத் துணி என்று எதையாவது குழந்தையோடு வைத்துவிட்டுப் போவார்கள். மறுபாதி தாயிடம் இருக்கும். என்றைக்காவது திரும்பி வந்தால் இரண்டையும் பொருத்திப் பிள்ளையை அடையாளம் காணலாம். அப்படிப்பட்ட பாதிப் பதக்கங்கள் இன்றும் அங்குள்ள அருங்காட்சியகத்தில் இருக்கின்றன. அவற்றைப் பார்த்தபின் அந்தப் பிள்ளைகளை அனாதைகள் என்று எழுதக் கை வராது.

கட்டடத்தைத் தொடங்கியது நகரின் பட்டு வணிகர் கழகம், 1419இல். பிராத்தோ ஊர் வணிகர் பிரான்செஸ்கோ டத்தீனி விட்டுச்சென்ற 1,000 புளோரின் பொற்காசுகள் இதற்கு ஊன்றுகோலாயின. வடிவமைத்தவர் பிலிப்போ புருனெலெஸ்கி. பொற்கொல்லராகத் தொழில் பழகியவர். பொற்கொல்லர்களும் பட்டுக் கழகத்தில்தான் சேர்ந்திருந்தார்கள் என்பதால், அவர் கழகத்துக்கு வெளியாள் அல்ல. முதல் குழந்தை வந்து சேர்ந்தது 1445 பிப்ரவரியில்.

சதுக்கத்தைப் பார்த்திருக்கும் திறந்த தூண் மண்டபத்துக்கு இத்தாலியில் 'லோஜ்ஜா' என்று பெயர். தமிழில் முகமண்டபம் என்றால் போதும். ஒன்பது வளைவுகள். தூணின் உயரம், இரு தூண்களுக்கு இடைப்பட்ட அகலம், தூணிலிருந்து பின்சுவர் வரையான ஆழம், மூன்றும் ஏறக்குறைய ஒரே அளவு. ஆகவே ஒவ்வொரு வளைவுக்குப் பின்னாலும் ஒரு கனசதுரம் அமைகிறது. அதன் மேல் தாழ்ந்த குவிமாடம். சாம்பல் நிறக் கல்லும் வெள்ளைச் சுண்ணப்பூச்சும்தான், வேறு பகட்டு இல்லை. வளைவுகளுக்கு இடையே வட்டக் குழிகளை வெறுமையாக விட்டிருந்தார்கள். சுமார் 1487இல் ஆந்திரேயா டெல்லா ராபியா அவற்றில் மெருகிட்ட சுடுமண் சிற்பங்களைப் பதித்தார்: நீலப் பின்னணியில், துணி சுற்றிய வெள்ளைக் குழந்தைகள். எழுதப் படிக்கத் தெரியாத தாய்க்கும் இது யாருக்கான வீடு என்று புரிந்திருக்கும்.

குழந்தையை யாரும் பார்க்காமல் உள்ளே சேர்க்க உதவிய சுழல்பெட்டியை 1875இல் மூடிவிட்டார்கள். அருங்காட்சியகம் 2016இல் புதுப்பித்துத் திறக்கப்பட்டது. யுனிசெஃப்பின் ஆய்வு மையமும் இந்த வளாகத்தில் இயங்கி வந்திருக்கிறது.

அப்புறம், பயன்பாட்டுக் குறிப்பு ஒன்று. இங்கே வளர்ந்தவர்களுக்கு 'இன்னோசென்ட்டி', 'நோசென்டீனி' போன்ற குடும்பப் பெயர்களை இட்டார்கள். டஸ்கனி பகுதியில் இப்பெயர்கள் இன்றும் உண்டு. கட்டடத்தின் பெயரைத் தமிழாக்கலாம். ஆட்களின் பெயராக வரும்போது அப்படியே எழுத வேண்டும்.