தகர மனிதனின் மூச்சு

முதலில் வெள்ளைப் பூச்சு. அது காயும் முன் அதன்மேல் அலுமினியத் தூள். 1938-இல் ஹாலிவுட்டின் எம்ஜிஎம் ஸ்டுடியோவில் 'தி விசார்ட் ஆஃப் ஆஸ்' படத்தின் தகர மனிதனாக நடிகர் பட்டி எப்சனை இப்படித்தான் மாற்றினார்கள். ஆறடிக்கு மேல் உயரம், நடனக்காரரின் கால்கள், அப்போது வயது முப்பது. படப்பிடிப்பு தொடங்கிய சில நாட்களிலேயே கைகள் இழுத்துப் பிடித்துக்கொண்டன. ஓர் இரவில் மூச்சே வரவில்லை. மருத்துவமனையில் ஆக்சிஜன் கொடுத்துத்தான் காப்பாற்றினார்கள்.

நாம் தினமும் சமைக்கும் பாத்திரத்தில் இருக்கும் அதே உலோகம்தான். அது எப்படி ஒருவரைச் சாய்த்தது?

விடை துகளின் அளவில் இருக்கிறது. பத்து மைக்ரோமீட்டரைவிட (மில்லிமீட்டரில் நூறில் ஒரு பங்கு) பெரிய தூசியில் பெரும்பகுதியை மூக்கும் தொண்டையும் தடுத்துவிடும். தப்பி உள்ளே போவதை மூச்சுக்குழாயின் சளி பிடித்துக்கொள்ள, நுண்ணிய குறுஇழைகள் ஓயாமல் அசைந்து அந்தச் சளியை மேலே தள்ளும். அதைவிட நுண்ணிய துகள்கள் மட்டும் காற்றோடு காற்றாக நுரையீரலின் அடிவரை போய்விடும். பளபளப்புக்காக அரைக்கப்படும் அலுமினியம் பெரும்பாலும் உருண்டையாக இருப்பதில்லை. மெல்லிய செதிலாக இருக்கும். தட்டையாக இருப்பதால்தான் கண்ணாடிபோல் மின்னுகிறது. அதே தட்டை வடிவத்தால்தான் உதிர்ந்த இலைபோல் காற்றில் நெடுநேரம் மிதக்கிறது. மூக்கைச் சுற்றி அதைத் தூவிக்கொண்டு பாடி ஆடும் மனிதரை எண்ணிப் பாருங்கள். ஒவ்வொரு ஆழ்ந்த மூச்சும் அதை உள்ளே இழுக்கும்.

அடியில் இருப்பவை காற்று நுண்ணறைகள். பல கோடிக் கணக்கில் இருக்கும் அவற்றை விரித்துப் பரப்பினால் ஏறத்தாழ 70 சதுர மீட்டர் வரும். சுவரின் தடிமன் ஒரு மைக்ரோமீட்டர்கூட இல்லை; ஆக்சிஜன் அதைக் கடந்துதான் இரத்தத்தில் சேர்கிறது. அங்கே குறுஇழைகள் கிடையாது. வந்த துகளை விழுங்கு செல்கள்தான் விழுங்கி அகற்ற வேண்டும். துகள் அளவுக்கு மீறிக் குவிந்தால் அழற்சி ஏற்படும், சுவர் வீங்கும், நீர் கோக்கும். நெஞ்சு முழுக்கக் காற்றிருந்தும் இரத்தத்துக்கு ஆக்சிஜன் போய்ச் சேராது.

எப்சன் படுத்திருக்கும்போதே அந்த வேடம் ஜாக் ஹேலிக்குப் போனது. காரணத்தை ஹேலிக்கு முதலில் யாரும் சொல்லவில்லை என்பதுதான் எனக்கு மிகவும் வலிக்கிறது. ஆனால் ஒப்பனையைச் சத்தமில்லாமல் மாற்றிவிட்டார்கள்: தூளுக்குப் பதிலாக அலுமினியப் பசை. குழைவில் கட்டுண்ட செதில் காற்றில் பறக்காது; தோலோடு ஒட்டிக்கொள்ளும். ஹேலிக்குக் கண்ணில் தொற்று வந்தது, நுரையீரல் தப்பியது.

எப்சன் எழுந்து வந்தார். ஐம்பதுகளில் டிஸ்னியின் டேவி க்ராக்கெட் கதைகளில் நாயகனின் தோழர். 1961-இல் 'பிரேக்ஃபாஸ்ட் அட் டிஃபனிஸ்' படத்தில் சில நிமிடங்களே வந்தாலும் மனதை உலுக்கும் கிராமத்துக் கணவர். 1962 முதல் ஒன்பது ஆண்டுகள் 'தி பெவர்லி ஹில்பில்லிஸ்' தொடரின் குடும்பத் தலைவர். 2003-இல் மறைந்தபோது வயது 95.

'தி விசார்ட் ஆஃப் ஆஸ்' படத்தில் அவர் முகம் இல்லை. ஆனால் பாடல்களைப் படப்பிடிப்புக்கு முன்பே பதிவுசெய்து வைத்திருந்தார்கள். தகர மனிதன் உட்பட நால்வர் மந்திரவாதியைக் காணப் புறப்படும் பாட்டில் ஹேலி வாயசைக்கிறார். குழுக்குரலில் ஒலிப்பது எப்சன். பாஸ்டன்காரரான ஹேலி 'விசார்ட்' என்ற சொல்லின் 'ர்' ஒலியை விழுங்கிவிடுவார். அந்தப் பாட்டில் அந்த 'ர்' தெளிவாகக் கேட்கும்.