மலைக் கிராமத்துக்கு ஒரு நாள்: வட தாய்லாந்துப் பயணத்துக்குப் பணம் கட்டும் முன்

வட தாய்லாந்தின் சியாங் மாய் நகரத்துக்குத் தமிழ்ப் பயணிகளை அழைத்துச் செல்லும் பணியில் பல ஆண்டுகளாக இருக்கிறேன். கோயில்களுக்கும் இரவுச் சந்தைக்கும் அடுத்தபடியாக அவர்கள் என்னிடம் கேட்பது, காலையில் கிளம்பி மாலையில் திரும்பும் மலைப் பயணத்தைத்தான்: கொஞ்சம் நடை, ஓர் அருவி, மலைவாழ் மக்களின் ஒரு கிராமம். நல்ல ஆசைதான். ஆனால் அந்த நாள் எப்படி அமையும் என்பது, முந்தைய நாள் மாலை விடுதியின் வரவேற்பறையில் விளம்பரத் தாளைப் புரட்டிப் பணம் கட்டும் ஐந்து நிமிடத்திலேயே பெரும்பாலும் முடிவாகிவிடுகிறது. அந்த ஐந்து நிமிடத்தை நினைத்தே இதை எழுதுகிறேன்.

முதலில் விளம்பரத் தாளில் இருக்கும் 'மலைவாழ் மக்கள்' என்ற சொல்லைப் பற்றிச் சொல்ல வேண்டும். தாய் மொழியில் 'சாவ் காவ்' என்பார்கள். மலை மக்கள் என்று பொருள். அந்த ஒரு சொல்லுக்குள் கரேன், மோங், லாஹு, அகா, லிசு, மியன், லுவா எனப் பல மக்கள் அடைக்கப்பட்டிருக்கிறார்கள். கரேன் மொழிகளும் அகா, லிசு, லாஹு மொழிகளும் திபெத்திய-பர்மியக் குடும்பத்தைச் சேர்ந்தவை. மோங், மியன் மொழிகள் வேறொரு குடும்பம். லுவா மொழியோ கெமர் மொழிக்கு உறவானது. கரேன் மக்கள் இந்த மலைகளில் பல நூற்றாண்டுகளாக வாழ்பவர்கள். மோங், மியன், அகா, லிசு மக்களில் பெரும்பாலோர் 19ஆம் நூற்றாண்டிலிருந்து தென் சீனத்திலிருந்து லாவோஸ், பர்மா வழியாக வந்து சேர்ந்தவர்கள். ஆகவே 'மலைவாழ் மக்களின் கலாசாரம்' என்று ஒன்று இல்லை. போகப்போவது யாருடைய கிராமம் என்று கேட்டால் அமைப்பாளர் உடனே பெயர் சொல்ல வேண்டும். அவரால் சொல்ல முடியாவிட்டால், அந்தப் பயணத்தில் கிராமம் பெயருக்குத்தான் இருக்கிறது என்று எடுத்துக்கொள்ளலாம்.

ஒரே நுழைவுச் சீட்டில் ஐந்தாறு இனத்தவரை அடுத்தடுத்துக் காட்டும் இடங்கள் பல இருக்கின்றன. இயற்கையில் ஒருபோதும் அருகருகே அமைந்திராத வீடுகள் அங்கே ஒரே வளாகத்தில் வரிசையாக நிற்கும். ஒவ்வொரு வீட்டின் முன்னாலும் ஒரு பெண் தறியோடு உட்கார்ந்திருப்பார். இவற்றில் அதிகக் கூட்டத்தை ஈர்ப்பவர்கள், 'நீள் கழுத்துப் பெண்கள்' என்று விளம்பரம் செய்யப்படும் காயன் மக்கள். இவர்களில் பெரும்பாலோர் 1980களின் பிற்பகுதியிலிருந்து பர்மாவின் கயா மாநிலத்துப் போரிலிருந்து தப்பி, எல்லையோர மே ஹோங் சோன் மாகாணத்துக்கு அகதிகளாக வந்தவர்கள். பித்தளைச் சுருள் கழுத்தை நீட்டுவதில்லை; அதன் பாரம் காறை எலும்பையும் விலா எலும்புகளையும் கீழே அழுத்துவதால்தான் கழுத்து நீண்டதாகத் தோன்றுகிறது. நியூசிலாந்தும் பின்லாந்தும் ஏற்கத் தயாராக இருந்த காயன் குடும்பங்கள் சிலவற்றுக்கு நாட்டைவிட்டு வெளியேற அனுமதி கிடைக்காமல் போனதை 2008இல் ஐ.நா. அகதிகள் ஆணையம் வெளிப்படையாகக் கண்டித்தது. சுற்றுலா வருமானமே அதற்குக் காரணம் என்ற ஐயம் அப்போது பரவலாக எழுந்தது.

தொழிலுக்கு வந்த புதிதில் அப்படிப்பட்ட ஒரு வளாகத்துக்கு நானும் குழுக்களை அழைத்துப் போயிருக்கிறேன். ஒருமுறை எங்கள் குழுவில் இருந்த ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர், தறியில் இருந்த பெண்ணிடம், "உங்கள் ஊர் இதுதானா அம்மா?" என்று உள்ளூர் வழிகாட்டியின் மூலம் கேட்டார். தன் ஊர் எல்லைக்கு அப்பால் இருக்கிறது, பெற்றோர் வேறு மாகாணத்தில் இருக்கிறார்கள், இங்கே மாதச் சம்பளத்துக்கு உட்கார்ந்திருக்கிறேன் என்று அந்தப் பெண் தலை நிமிராமல் பதில் சொன்னார். திரும்பும் வழியில் வேனில் யாரும் பேசவில்லை. அந்த வளாகத்தை நான் என் பயணத் திட்டத்திலிருந்து நீக்கினேன். முதல் தடவையே அந்தக் கேள்வியை நான் கேட்டிருக்க வேண்டும் என்ற வருத்தம் இன்றும் எனக்கு இருக்கிறது. அதே சமயம், அங்கே உட்கார்ந்திருக்கும் பெண்களைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அது அவர்களுக்குக் கிடைத்திருக்கும் பிழைப்பு. காயன் மக்களைச் சந்திக்க விரும்புகிறவர்கள் மே ஹோங் சோனுக்கே போய், அவர்கள் குடியிருக்கும் ஊரில், ஓர் இரவாவது தங்கும் எண்ணத்தோடு சந்திப்பது நல்லது. அது ஒரு நாள் பயணத்துக்குள் அடங்குகிற காரியம் இல்லை.

ஒரு நாளுக்குள் நேர்மையாக அடங்குவது எது என்று கேட்டால், நான் தோய் இந்தனோன் மலையைச் சொல்வேன். வட தாய்லாந்து வழக்கில் 'தோய்' என்றால் மலை. 2,565 மீட்டர் உயரமுள்ள இதுவே தாய்லாந்தின் மிக உயர்ந்த சிகரம். சியாங் மாய் நகரிலிருந்து உச்சி வரை ஏறத்தாழ 100 கிலோமீட்டர், வாகனத்தில் இரண்டு மணி நேரத்துக்குச் சற்றுக் கூடுதல். இந்தக் காடுகளின் மேல் அக்கறை கொண்டிருந்த சியாங் மாய் அரசர் இந்தவிச்சயானோனின் அஸ்தி உச்சியில் வைக்கப்பட்டிருக்கிறது. மலையின் பெயரும் அவர் பெயரிலிருந்து வந்ததுதான். உச்சிக்கே வாகனம் போய்விடுவதால், பல நிறுவனங்கள் உச்சி, இரண்டு அரச ஸ்தூபிகள், வச்சிரதான் அருவி, சந்தை, கிராமம் என்று ஏழெட்டு நிறுத்தங்களை ஒரே நாளில் அடுக்கிவிடுகின்றன. அப்படிப்பட்ட அட்டவணையில் கிராமத்துக்குக் கிடைப்பது அரைமணி நேரம். அந்த அரைமணியில் கழிவறைக்குப் போய்வரலாம், ஒரு துணி வாங்கலாம், ஒரு படம் எடுக்கலாம். எந்த மனிதரையும் அறிந்துகொள்ள முடியாது. நிறுத்தங்களைப் பாதியாகக் குறைத்துவிட்டு நடையைக் கூட்டுங்கள் என்பதே நான் எல்லோருக்கும் சொல்வது.

நடைக்கு அங்கே இரண்டு நல்ல பாதைகள் இருக்கின்றன. உச்சிக்கு அருகில் உள்ள கிவ் மே பான் பாதை ஏறத்தாழ மூன்று கிலோமீட்டர் சுற்று. ஈரமான மேகக் காட்டுக்குள் நுழைந்து திடீரென்று புல்வெளி மலைமுகட்டில் வெளிவரும். காடு தேறிக்கொள்வதற்காக ஜூன் முதல் அக்டோபர் முடிய அதை மூடிவிடுவார்கள். சற்றுக் கீழே உள்ள பா தோக் சியோ பாதை ஓடையை ஒட்டி அருவிகளைக் கடந்து, கரேன் மக்களின் அடுக்கு நெல்வயல்கள் வழியாக மே கிளாங் லுவாங் கிராமத்தில் போய் முடியும். இரண்டு பாதைகளிலும் உள்ளூர் வழிகாட்டி இல்லாமல் நடக்கக் கூடாது. சில பயணிகள் இதை வீண் செலவு என்று முணுமுணுப்பதைக் கேட்டிருக்கிறேன். என் அனுபவத்தில் அந்த நாளின் பயனே அந்த வழிகாட்டிதான். கொடுக்கும் கட்டணமும் அந்த ஊர்க்காரரின் கைக்கே போகிறது.

பா தோக் சியோ பாதையில் என் குழுவோடு பலமுறை வந்த ஒரு கரேன் பெரியவர் அதிகம் பேசமாட்டார். எந்த இலையைக் கசக்கி முகர வேண்டும், எந்தப் பட்டையைத் தொடக் கூடாது என்று கையால் காட்டிவிட்டு நடந்துகொண்டிருப்பார். ஒருநாள் ஊருக்கு வெளியே ஒரு மரத்தின் அருகில் நின்று, தங்கள் வழக்கத்தில் குழந்தை பிறந்ததும் தொப்புள்கொடியை மூங்கில் குழாயில் இட்டு ஒரு மரத்தில் கட்டிவிடுவார்கள் என்றும், அந்த மரத்தை யாரும் வெட்டக் கூடாது என்றும் சொன்னார். எங்கள் குழுவில் இருந்த ஒரு பாட்டி அந்த மரத்தைத் தொட்டுக் கும்பிட்டார். மொழிபெயர்ப்பு எதுவும் தேவைப்படாத அந்தக் கணத்தை நிறுத்த அட்டவணைக்குள் யாராலும் எழுதிவைக்க முடியாது. மெதுவாக நடந்தவர்களுக்கு மட்டுமே அது கிடைத்தது.

வழிகாட்டியைப் பற்றி இன்னொன்றும் தெரிந்திருக்க வேண்டும். தாய்லாந்தில் சுற்றுலா வழிகாட்டித் தொழில் அந்நாட்டுக் குடிமக்களுக்கு மட்டுமே உரியது. 2008ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி உரிமமும் வேண்டும். என்னைப் போன்றவர்கள் குழுத் தலைவராக உடன் வரலாம், மொழிபெயர்க்கலாம். வழிகாட்டியின் வேலையைச் செய்யக் கூடாது. இந்த விதிக்கு இன்னொரு பக்கமும் உண்டு. மலையில் பிறந்தும் குடியுரிமை கிடைக்காத இளைஞர்கள், தங்கள் ஊரை எவ்வளவு நன்றாக அறிந்திருந்தாலும் அந்த உரிமத்தைப் பெற முடியாது. 2018இல் தாம் லுவாங் குகையில் சிக்கி மீட்கப்பட்ட கால்பந்துச் சிறுவர்களில் மூவரும் அவர்களுடைய பயிற்சியாளரும் நாடற்றவர்களாக இருந்தார்கள் என்பதும், மீட்புக்குப் பிறகே அவர்களுக்குக் குடியுரிமை கிடைத்தது என்பதும் பலருக்கு நினைவிருக்கலாம். 2024 அக்டோபரில் ஏறத்தாழ 4,80,000 பேருக்குக் குடியுரிமையோ நிரந்தர வசிப்புரிமையோ விரைவாகக் கிடைக்க வழிசெய்யும் திட்டத்துக்குத் தாய்லாந்து அமைச்சரவை ஒப்புதல் அளித்தது. கிராமத்தில் யாராவது தம்மைப் படம் எடுக்க வேண்டாம் என்று கையசைத்தால், அதற்குப் பின்னால் இப்படிப்பட்ட கதைகளும் இருக்கக்கூடும்.

கிராமத்துக்குள் நுழைந்ததும் சிலர் ஏமாற்றம் அடைவதைப் பார்க்கிறேன். வாசலில் பிக்கப் வண்டி, கையில் கைபேசி, ஊர் நடுவே தேவாலயம், சரிவில் முட்டைக்கோஸ் வயல்: "இவர்கள் உண்மையான பழங்குடியினர்தானா?" என்று என் காதில் கேட்பார்கள். முன்பு இந்த மலைகளில் பயிரிடப்பட்ட அபினிக்கு 1959இல் தடை வந்தது. 1969இல் தொடங்கிய அரச திட்டம் அபினிக்குப் பதிலாகக் குளிர்நிலக் காய்கறி, பழம், காப்பி, பூக்களைக் கொண்டுவந்தது. அந்த முட்டைக்கோஸுக்குப் பின்னால் இவ்வளவு வரலாறு இருக்கிறது. கரேன் மக்களில் ஏராளமானோர் கிறித்தவர்கள். அவர்கள் ஞாயிற்றுக்கிழமை பாடும் பாடலும் கரேன் மொழியில்தான். பழைய உடையை அவர்கள் விரும்பும் நாளில் உடுத்துவார்கள். நாம் வரும் நாளில் உடுத்தியே ஆக வேண்டும் என்று எதிர்பார்ப்பது முறையல்ல.

நடத்தை பற்றிப் பெரிய விதிகள் தேவையில்லை. நம் வீட்டு வாசலில் முன்பின் தெரியாத பன்னிரண்டு பேர் வந்து நின்றால் எப்படி இருக்கும் என்று எண்ணிப் பார்த்தாலே பாதி புரிந்துவிடும். இருந்தாலும் இரண்டு விஷயங்களை வற்புறுத்திச் சொல்கிறேன். குழந்தைகளைக் கேட்காமல் தூக்காதீர்கள், மிட்டாயும் காசும் நீட்டாதீர்கள். அன்பினால் செய்வதுதான் என்பதை அறிவேன். ஆனால் சுற்றுலா வண்டியைக் கண்டதும் கை நீட்டி ஓடிவரும் பிள்ளைகள் பள்ளியிலிருந்து நழுவுவதை ஊர்ப் பெரியவர்களே என்னிடம் வருத்தத்தோடு சொல்லியிருக்கிறார்கள். கொடுக்க விரும்பினால் காப்பி வாங்குங்கள், அந்த வீட்டில் நெய்த துணியை வாங்குங்கள். அச்சடித்த துணிக்கும் கைத்தறிக்கும் உள்ள வேறுபாட்டை, துணியின் பின்பக்கத்தைத் திருப்பிப் பார்த்தால் ஓரளவு கண்டுகொள்ளலாம். கரேன் பெண்கள் மணமாகும் வரை நீண்ட வெள்ளை அங்கியும், மணமான பிறகு தனித்தனியான மேலாடையும் பாவாடையும் உடுத்துவது மரபு. ஆகவே அந்த வெள்ளை அங்கியை வேடிக்கையாக மாட்டிக்கொண்டு படம் எடுக்கும் முன் ஒரு வார்த்தை கேட்டுவிடுவது நல்லது. அகா கிராமத்துக்குப் போகிறவர்கள் ஊர் எல்லையில் நிற்கும் மர வாயிலைத் தொடக் கூடாது. அது ஆவிகளிடமிருந்து ஊரைக் காக்கும் வாயில்.

உடல்நிலை பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். லேசான நடை என்று எழுதியிருந்தாலும் அது ஏற்ற இறக்கமுள்ள இரண்டு மூன்று மணி நேர நடை; முழங்கால் வலியோ இதய நோயோ உள்ளவர்கள் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். ஒருமுறை அறுபது வயதைக் கடந்த ஒருவர், குழுவைத் தாமதப்படுத்தக் கூடாது என்று மூச்சிரைப்பை மறைத்துக்கொண்டே நடந்து, பாதி வழியில் உட்கார்ந்துவிட்டார். உள்ளூர் வழிகாட்டி அவரைத் தாங்கி மெதுவாக அழைத்து வந்தார். அன்றிலிருந்து குழுவில் மிக மெதுவாக நடப்பவரையே முன்னால் நடக்கச் சொல்கிறேன். வளைந்து வளைந்து போகும் மலைச்சாலையில் வாந்தி வருபவர்கள், வண்டி ஏறுவதற்கு அரைமணி முன்பே மருத்துவர் சொன்ன மாத்திரையைப் போட்டுக்கொள்ளட்டும். டிசம்பர், ஜனவரி விடியற்காலைகளில் உச்சியில் உறைபனி படிவதும் உண்டு. நகரத்தின் வெயிலை நம்பிப் பருத்திச் சட்டையோடு வருபவர்கள் நடுங்கிப்போகிறார்கள். மழைக்காலத்தில் அட்டைகள் இருக்கும், செருப்போடு வராதீர்கள். சைவ உணவுக்காரர்கள் 'கின் ஜே' என்ற தொடரைக் கற்றுக்கொண்டால் போதும். மீன் சாறும் முட்டையும் இல்லாத உணவு வேண்டும் என்பதைச் சமைப்பவர் புரிந்துகொள்வார்.

கடைசியாகப் பருவம். பிப்ரவரி இறுதியிலிருந்து ஏப்ரல் வரை வடபகுதி முழுவதும் புகை சூழ்ந்திருக்கும். மலைமுகட்டிலிருந்து எதிர் மலை தெரியாது, ஆஸ்துமா உள்ளவர்களுக்கு அது ஆபத்தும்கூட. இந்தப் புகைக்கு மலைவாழ் மக்களே காரணம் என்று நகரத்தில் எளிதாகச் சொல்லிவிடுகிறார்கள், என் பயணிகளும் அதைத் திருப்பிச் சொல்கிறார்கள். காட்டுத்தீயும், சமவெளியிலும் எல்லைக்கு அப்பாலும் எரிக்கப்படும் மக்காச்சோளத் தாளும் அந்தக் கணக்கில் விடுபட்டுப்போகின்றன. கரேன் மக்களின் சுழற்சி வேளாண்மையில், ஒரு துண்டு நிலத்தில் ஓராண்டு பயிரிட்டுவிட்டுப் பல ஆண்டுகள் அதைக் காடாக வளர விடுவார்கள். அந்த முறையை மதித்துக் காக்க வேண்டும் என்று 2010 ஆகஸ்ட்டில் தாய்லாந்து அமைச்சரவையே தீர்மானம் போட்டது. விடுமுறை கிடைக்கிறது என்பதால் மார்ச்சில் வர விரும்பி எழுதுகிறவர்களுக்கு, முடிந்தால் பயணத்தை நவம்பருக்குத் தள்ளிப்போடச் சொல்கிறேன். கிவ் மே பான் பாதை அப்போது திறந்திருக்கும், காற்று தெளிந்திருக்கும், மே கிளாங் லுவாங் வயல்களில் அறுப்பு நடந்துகொண்டிருக்கும்.