பட்டாசுச் சத்தமும் போர்முனையின் நினைவும்

போர்முனையில் பணியாற்றி ஓய்வுபெற்ற தம் உறவினர் ஒருவர் தீபாவளியன்று கதவைச் சாத்திக்கொண்டு உள்ளறையிலேயே இருந்துவிடுகிறார் என்றும், வெடிப்பது பட்டாசுதான் என்று தெரிந்தும் அவர் உடல் ஏன் நடுங்குகிறது என்றும் வாசகர் ஒருவர் கேட்டிருந்தார்.

முதல் உலகப் போரில் இந்த நடுக்கத்தைக் குண்டு அதிர்ச்சி என்றார்கள்; கோழைத்தனம் என்று இகழ்ந்தவர்களும் உண்டு. அமெரிக்க உளமருத்துவச் சங்கத்தின் கையேட்டில் இது 'பேரதிர்ச்சிக்குப் பிந்தைய மன அழுத்தக் கோளாறு' (PTSD) என்ற தனி நோயாக இடம்பெற்றது 1980-இல்தான்.

காதில் விழும் ஓசை, அது இன்னதென்று மூளையின் மேலடுக்கான புறணி முழுமையாக ஆராய்ந்து முடிக்கும் முன்பே, குறுக்குவழியில் அமிக்டலா என்ற சிறு பகுதியை எட்டிவிடுகிறது. ஆபத்தோடு சேர்ந்து வந்த ஓசையை அது நினைவில் வைத்திருந்து, அதே ஓசை மீண்டும் கேட்டதும் உடலைத் தப்பியோட ஆயத்தப்படுத்துகிறது. பதுங்குகுழியில் இருப்பவனின் உயிரைக் காப்பதும் இதுவே.

என்னை எப்போதும் வியக்கவைப்பது இதற்கு அடுத்த கட்டம். அச்சம் தணியும்போது பழைய நினைவு அழிந்துபோவதில்லை. 'இந்த ஓசை இங்கே தீங்கு செய்யாது' என்ற புதிய பாடமொன்றை மூளை கற்றுக்கொள்ள, நெற்றிக்குப் பின்னுள்ள பகுதி அந்தப் பாடத்தைக்கொண்டு அமிக்டலாவை அடக்கிவைக்கிறது. 'இங்கே' என்பதை உணர்த்துவது ஹிப்போகாம்பஸ் என்ற மற்றொரு மூளைப் பகுதி. அதனால்தான் ஆய்வுக்கூடத்தில் ஓர் ஒலிக்கு அஞ்சக் கற்று, பின் ஒரு கூண்டில் அச்சம் தணிந்த எலி, வேறொரு கூண்டில் அதே ஒலியைக் கேட்டதும் மறுபடி உறைந்து நிற்கிறது.

ஓசையிலிருந்து ஒதுங்கியே வாழ்பவருக்கு இந்தப் பாடத்தைக் கற்கும் வாய்ப்பே அமைவதில்லை. 1901-02-இல் நம் நீலகிரியில் தோடர்களிடையே ஆய்வு செய்த ரிவர்ஸ் என்ற மருத்துவர், பின்னர் எடின்பரோ அருகிலுள்ள கிரெய்க்லாக்கார்ட் மருத்துவமனையில் படை அதிகாரிகளுக்குச் சிகிச்சை அளித்தபோது, போரை மறந்துவிடுமாறு வற்புறுத்துவதே பலரின் நோயை வளர்க்கிறது என்று கண்டு, அவர்களைப் பேசவைத்தார்; 1918-இல் அதை எழுதியும் வெளியிட்டார். அச்சத்தில் அமிக்டலாவுக்குள்ள பங்கை அவர் அறிந்திருக்க வழியில்லை. நோயாளிகள் சொன்னதைப் பொறுமையாகக் கேட்டே இதை உணர்ந்தார். ஒரு நூற்றாண்டு கடந்தும் இத்தகையவர்களைத் தாயத்துக் கட்டவும் மந்திரிக்கவும் அழைத்துச் சென்று, சிகிச்சைக்குரிய காலத்தை நாம் வீணாக்குவது எனக்கு மிகுந்த வேதனை தருகிறது.

இன்றைய சிகிச்சையாளர்கள் நோயாளியை அறைக்குள் பேசவைப்பதோடு நின்றுவிடாமல், அவர் தவிர்த்துவரும் கடைத்தெருவுக்கும் பேருந்து நிலையத்துக்கும் படிப்படியாகச் சென்றுவரச் செய்கிறார்கள். மருத்துவமனையில் கற்ற பாடம் தெருமுனையில் கைகொடுக்கத் தெருமுனையிலும் அதைக் கற்றாக வேண்டும்.