கல் மாதிரி இருந்த பூச்சு ஏன் கழன்றது?

போன ஐப்பசி மழை ஓய்ந்ததும் ஒருவர் கூப்பிட்டார். வீடு கட்டி மூன்று வருஷம்தான். முதல் மாடி பீம் மட்டத்தில் வெளிப்பூச்சு பாளமாகப் பெயர்ந்து, கீழே நின்ற ஸ்கூட்டர் மேல் விழுந்திருந்தது. "கொத்தனார் சிமெண்டைக் குறைச்சுட்டான் சார்."

விழுந்த துண்டை எடுத்துப் பார்த்தேன். நகத்தால் கீறினால் ஒரு மணல் உதிரவில்லை; கல் மாதிரி இருந்தது. திருப்பினேன். முதுகு வழவழவென்று கண்ணாடிபோல. சிமெண்ட் குறையவில்லை, பிடிப்புதான் இல்லை.

இப்போது பெரும்பாலும் பிளைவுட் பலகையில்தான் சென்ட்ரிங் (கான்கிரீட் ஊற்றும் அச்சு) அடிக்கிறோம். பலகை ஒட்டாமலிருக்க எண்ணெய் பூசுகிறோம். பலகையைப் பிரித்தால் பீம், தூண் எல்லாம் மொழுமொழுவென்று எண்ணெய்ப் பிசுக்கோடு நிற்கும். அதன் மேல் அப்படியே பூசினால் எதைப் பிடித்துக்கொள்ளும்? பலகை பிரித்த ஓரிரு நாளில், கான்கிரீட் முற்றுமுன், உளியால் நெருக்கமாகக் கொத்திவிட வேண்டும். அரை நாள் வேலை. பூசுகிற அன்று கழுவி, சிமெண்ட் பால் (தண்ணீரில் கரைத்த சிமெண்ட்) அடித்து, அது காய்வதற்குள் கலவையை வீச வேண்டும். செங்கலும் கான்கிரீட்டும் சேருகிற கோட்டில் கோழி வலை, இரு பக்கமும் 15 செ.மீ. வெயிலில் இரண்டும் ஒரே அளவு விரிவதில்லை. வலை இல்லாவிட்டால் அங்கே மயிரிழை விரிசல் விழும், மழைநீர் அதற்குள் இறங்கிப் பூச்சை முதுகுப்பக்கமிருந்து தள்ளும்.

செங்கல் சுவரில் கதை வேறு. காய்ந்த செங்கல் கலவையின் தண்ணீரைக் குடித்துவிடும், சிமெண்ட் இறுகத் தண்ணீர் மிஞ்சாது. முந்தின நாளே சுவரை நனைக்கச் சொல்வது அதனால்தான்.

"நம்ம வீடு, 1:3 போடுங்க" என்று வீட்டுக்காரர்களே கேட்கிறார்கள்; ஒரு பங்கு சிமெண்டுக்கு மூன்று பங்கு மணல். வேண்டாம். சிமெண்ட் கூடக்கூடப் பூச்சு சுருங்கும், வெடிக்கும். வெளிச்சுவருக்கு 1:5 போதும். 9 அங்குலச் சுவரில் ஒரு முகம்தான் தூக்குக்குண்டுக்குச் சரியாக வரும். மேடுபள்ளமெல்லாம் மறுமுகத்துக்குப் போகும். அது பெரும்பாலும் வெளிமுகம். அந்தப் பள்ளத்தை ஒரே வீச்சில் 40 மி.மீ. கனத்துக்கு அப்பினால் தன் பாரத்திலேயே தொங்கும். இரண்டு தடவையாகப் பூசுங்கள். முதல் பூச்சைக் கரணையால் கீறிவிட்டு மறுநாள் அடுத்தது.

சாப்பாட்டுக்கு முன் குழைத்து மிஞ்சிய கலவையில் தண்ணீர் ஊற்றி மறுபடி கிண்டுவது நான் பார்க்காத சைட் இல்லை. குழைத்த இரண்டு மணி நேரத்துக்குள் தீராத கலவையைக் கொட்டிவிட வேண்டியதுதான். சீக்கிரம் மட்டம் தேய்க்கலாமென்று ஈரப்பூச்சின் மேல் காய்ந்த சிமெண்ட் தூவுவார்கள்; அது மேலே ஒரு தோலாக இறுகி, பிறகு செதில் செதிலாக உரியும்.

பூசியபின் தண்ணீர் அடிப்பது ஏழு நாளாவது வேண்டும். ஆனால் வாடகை ஏறுகிறதென்று மூன்றாம் நாளே சாரத்தைப் பிரித்துவிட்டால் மாடி உயரத்துக்கு யார் அடிப்பது? மேற்குச் சுவர்தான் முதலில் அடிவாங்கும்.

சாரம் பிரிக்கும் முன் சுத்தியல் கைப்பிடியால் சுவர் முழுக்கத் தட்டிப் பாருங்கள். பிடிப்புள்ள இடம் 'ணங்' என்னும். கழன்ற இடம் காலிப் பானைபோல 'டொப்' என்னும்.

அந்த வீட்டிலும் ஏணி போட்டுத் தட்டினேன். பீம் ஓடுகிற மூன்று பக்கமும் 'டொப்'. சாக்பீஸால் கோடு போட்டு, கோடு வரை அறுத்தெடுக்கச் சொன்னேன். "நல்லா நிக்கிறதை எதுக்கு சார் உடைக்கணும்?" என்றார். வாசல் பக்கத்தில் அறுக்கவே வேண்டியிருக்கவில்லை. உளியின் முதல் அடியிலேயே நாலடி நீளத்துக்கு மொத்தமாகக் கழன்று வந்தது.