143-ஆவது தவணை: வீட்டுக்கடனின் விலை எப்படி உருவாகிறது?

50 லட்சம் ரூபாய் கடன், 8.5% வட்டி, 20 ஆண்டுக் காலம். மாதத் தவணை 43,391 ரூபாய். முதல் தவணை கட்டிய அன்று கடன் எவ்வளவு குறைந்திருக்கும்? 7,974 ரூபாய். மீதி 35,417 ரூபாயும் வட்டிக்குப் போயிருக்கும்.

இதில் ஏமாற்று வேலை ஏதும் இல்லை. நிலுவையில் நிற்கும் அசலை 8.5%-ஆல் பெருக்கி 12-ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி வந்துவிடும். தவணையிலிருந்து முதலில் அது கழிக்கப்படும். மிஞ்சுவது மட்டுமே அசலில் போய்ச் சேரும். இரண்டாம் மாதம் அசல் 49,92,026 ரூபாய், அதற்கு வட்டி 35,360. அசலுக்குப் போவது 8,031 ரூபாய், முந்தைய மாதத்தைவிட 57 ரூபாய் அதிகம். இப்படியே 240 வரி எழுதினால் முழு அட்டவணையும் கிடைத்துவிடும். கணினி விரிதாளில் தேதி, வட்டி, அசல், நிலுவை என நான்கு பத்திகள் போட்டால் அரை மணி நேர வேலை.

அந்த அட்டவணையில் கவனிக்க வேண்டியது அசல் பத்தியைத்தான். அது மாதாமாதம் 0.708% வளர்கிறது, அதாவது 8.5%-இன் பன்னிரண்டில் ஒரு பங்கு. கூட்டுவட்டியில் போட்ட பணம் போல அதுவும் முதலில் மெதுவாகவும் கடைசியில் வேகமாகவும் பெருகும். அசலுக்குப் போகும் தொகை வட்டியை முதன்முதலாக முந்துவது 143-ஆவது தவணையில், கடன் வாங்கி ஏறக்குறைய 12 ஆண்டு கழித்து. ஐந்தாம் ஆண்டு முடிவில் 26 லட்சம் ரூபாய் கட்டியிருப்போம். கடன் குறைந்திருப்பது 5.94 லட்சம். பத்தாம் ஆண்டு முடிவில் நிலுவை 35 லட்சம். பாதிக் காலம் போயிருக்கும், அசலில் முப்பது சதவீதம்தான் கரைந்திருக்கும். 240 தவணையும் கட்டி முடித்தால் மொத்தம் 1 கோடியே 4 லட்சம். அதில் வட்டி மட்டும் 54.14 லட்சம்.

இந்த 143 எங்கிருந்து வருகிறது என்று பார்த்தால் வீட்டுக்கடனின் மொத்த இயல்பும் பிடிபடும். 8.5% வட்டியில் அசல் பங்கு இரட்டிப்பாகச் சுமார் 98 மாதம் ஆகும். கடைசித் தவணையில் ஏறக்குறைய முழுத் தொகையும் அசல்தான். அங்கிருந்து 98 மாதம் பின்னோக்கி வந்தால் அது பாதி. ஆகவே கடன் எத்தனை ஆண்டுக்கு இருந்தாலும், தவணையில் அசல் பெரும்பங்கு பெறுவது கடைசி 98 மாதங்களில் மட்டும்தான். 15 ஆண்டுக் கடனில் அந்தக் கட்டம் 83-ஆவது தவணையிலேயே வந்துவிடும். 30 ஆண்டுக் கடனில் 263-ஆவது தவணை வரை, ஏறக்குறைய 22 ஆண்டு, காத்திருக்க வேண்டும். காலத்தை நீட்டும்போது நாம் சேர்க்கும் ஆண்டுகள் எல்லாம் வட்டி மிகுந்த முன்பகுதியில்தான் போய் ஒட்டிக்கொள்கின்றன.

பணமாகப் பார்த்தால் இன்னும் தெளிவு. அதே 50 லட்சத்துக்கு 30 ஆண்டு என்றால் தவணை 38,446 ரூபாய். 20 ஆண்டுக் கடனைவிட மாதம் 4,945 ரூபாய் குறைவு. ஆனால் மொத்த வட்டி 54 லட்சத்திலிருந்து 88.4 லட்சமாக ஏறிவிடும். 15 ஆண்டு என்றால் தவணை 49,237, வட்டி 38.6 லட்சம். கடன் வாங்குபவர் வழக்கமாகக் கேட்கும் முதல் கேள்வி "மாசம் எவ்வளவு கட்டணும்?" என்பது. கடனின் விலையைப் பற்றி மிகக் குறைவாகச் சொல்லும் எண் அதுவே.

இதுவரை சொன்னது வட்டி மாறாத கணக்கு. நம் நாட்டில் வீட்டுக்கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டியில் இயங்குகின்றன. 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் புதிதாகக் கொடுக்கும் மாறும் வட்டி வீட்டுக்கடன்களை ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டி விகிதம்) போன்ற ஒரு வெளி அளவுகோலோடு இணைக்க வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒரு முறையாவது வட்டியைத் திருத்த வேண்டும். வீட்டு வசதி நிதி நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் இல்லை. அவை தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்கின்றன. அதனால் ரெப்போ இறங்கும்போது அங்கே வட்டி இறங்குவது பொதுவாகத் தாமதமாகும்.

ரெப்போ ஏறினால் என்ன நடக்கும்? 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரிசர்வ் வங்கி ஆறு தடவையாக ரெப்போவை 4%-இலிருந்து 6.5%-க்கு ஏற்றியது. 6.75% வட்டியில் 50 லட்சத்தை 20 ஆண்டுக்கு வாங்கி, ஓராண்டு கட்டியிருந்த ஒருவரை எடுத்துக்கொள்வோம். தவணை 38,018, நிலுவை 48.78 லட்சம். எளிமைக்காக ஏற்றம் முழுவதும் ஒரே நாளில் வந்ததாக வைத்துக்கொண்டால், வட்டி 9.25%. அந்த மாத வட்டியே 37,598 ரூபாய். அசலுக்கு மிஞ்சுவது 420 ரூபாய்! தவணையைத் தொடாமல் விட்டால், மீதமிருந்த 19 ஆண்டு ஏறக்குறைய 49 ஆண்டாகிவிடும். கடன் வாங்கிய முதல் மாதத்திலேயே இந்த ஏற்றம் வந்திருந்தால் வட்டி 38,542 ரூபாய். தவணையைவிட வட்டி பெரிது. கட்டக் கட்டக் கடன் வளரும்.

நடைமுறையில் வயது வரம்பு குறுக்கே வருவதால் வங்கி 49 ஆண்டு வரை போக விடாது. ஒரு கட்டத்தில் தவணையை ஏற்றும். ஆனால் அதுவரை தவணை மாறாததால் கடனாளிக்கு எதுவும் உறைப்பதில்லை. மாதாமாதம் கணக்கிலிருந்து அதே தொகைதான் போகிறது. விலை ஏறியது தவணைக்காலத்தில், அதை யாரும் எடுத்துப் பார்ப்பதில்லை. இதே மாதிரிக் குறைகள் குவிந்த பிறகு 2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி திருத்தப்படும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்ற தேர்வைக் கடனாளிக்குக் கொடுக்க வேண்டும். காலத்தை நீட்டுவதால் மாத வட்டிக்கே தவணை போதாத நிலை வரக்கூடாது. மேலே சொன்ன கணக்கில் தவணையை 45,500 ரூபாயாக ஏற்றியிருந்தால் 19 ஆண்டு 19 ஆண்டாகவே நின்றிருக்கும். முடிகிறவர்கள் ஏற்றத்தில் தவணையைக் கூட்டிவிட வேண்டும், இறக்கத்தில் தவணையை அப்படியே விட்டுவிட வேண்டும். 2025 பிப்ரவரி முதல் ஜூன் வரை ரெப்போ 6.5%-இலிருந்து 5.5%-க்கு இறங்கியபோது தவணையைக் குறைக்கச் சொல்லாமல் விட்டவர்களுக்குக் காலம் தானாகச் சுருங்கியது.

ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் கூடுதல் பங்குக்கு ஸ்ப்ரெட் என்று பெயர். புது வாடிக்கையாளரைப் பிடிக்க வங்கி ஸ்ப்ரெட்டைக் குறைக்கும். பழையவருக்கு அது பெரும்பாலும் தானாக வராது, எழுதிக் கேட்க வேண்டும். கேட்டால் ஒரு சிறு மாற்றுக் கட்டணத்தோடு கிடைப்பது உண்டு. நம் 8.5% கடனில் ஐந்தாம் ஆண்டு முடிவில் அரை சதவீதம் குறைந்து, தவணை மாறாமல் இருந்தால் 10 மாதத் தவணை மிச்சம், ஏறத்தாழ 4.3 லட்சம் ரூபாய். வேறு வங்கிக்குக் கடனை மாற்றினால் பரிசீலனைக் கட்டணம், சட்டக் கருத்து, மதிப்பீடு, அடமானப் பதிவு எல்லாம் மறுபடியும் வரும். அதையெல்லாம் கழித்துப் பார்த்தால், கடைசி ஐந்து ஆண்டில் இருப்பவருக்கு மாற்றுவது பெரும்பாலும் கட்டுப்படியாகாது.

வட்டிக்கு வெளியே நிற்கும் செலவுகள் வேறு. 62.5 லட்சம் ரூபாய்க்குத் தமிழ்நாட்டில் ஒரு பழைய வீட்டை வாங்குவதாகக் கொள்வோம். 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு வீட்டு மதிப்பில் 80% வரைதான் வங்கி கொடுக்கலாம் என்பது ரிசர்வ் வங்கி விதி. ஆகவே கடன் 50 லட்சம், கைப்பணம் 12.5 லட்சம். முத்திரைத்தீர்வை 7%, பதிவுக் கட்டணம் 2%, ஆக 5.6 லட்சம். இது வீட்டு மதிப்பில் சேராது, எனவே கடனும் கிடைக்காது. 12.5 லட்சத்தைச் சேர்த்து வைத்துவிட்டுப் பத்திரப்பதிவின்போது தனிநபர் கடன் தேடி ஓடுவது இங்கேதான் நடக்கிறது. அந்தக் கடனின் வட்டி வீட்டுக்கடனைவிடக் கூடுதல்.

அடுத்தது காப்பீடு. கடனோடு சேர்த்து ஒற்றைத் தவணை ஆயுள் காப்பீடு ஒன்றை நீட்டுவார்கள். பிரீமியம் 1.5 லட்சம் என்றால், "கையிலிருந்து தர வேண்டாம், லோன்லயே சேர்த்துடலாம்" என்பார்கள். சேர்த்தால் அது 20 ஆண்டில் 3.12 லட்சமாகிவிடும். காப்பீடு வேண்டியதுதான், ஆனால் அதே வங்கி தரும் திட்டத்தை எடுத்தால்தான் கடன் என்பது கட்டாயமில்லை. ஆண்டுதோறும் கட்டும் சாதாரண டெர்ம் காப்பீட்டின் விலையைக் கேட்டுவிட்டுக் கையெழுத்துப் போடலாம்.

கட்டுமானத்தில் இருக்கும் வீடு என்றால் ப்ரீ இ.எம்.ஐ. என்ற ஒன்று வரும். கட்டுநருக்கு அதுவரை கொடுத்த தொகைக்கு வட்டி மட்டும் வாங்குவார்கள். இரண்டு ஆண்டு கட்டினாலும் அசலில் ஒரு ரூபாய் குறையாது. 20 ஆண்டுக் கணக்கு அதன்பிறகுதான் தொடங்கும். கட்டுமானம் இழுத்தால் இந்தச் செலவும் இழுக்கும், கூடவே வீட்டு வாடகையும்.

இந்தக் கட்டணங்களை எல்லாம் ஒரே விகிதத்தில் அடக்கிக் காட்டுவது ஏ.பி.ஆர். எனப்படும் ஆண்டு சதவீத விகிதம். 2024 அக்டோபர் 1 முதல் தனிநபர்களுக்கான எல்லாப் புதிய தவணைக் கடன்களுக்கும் கையெழுத்துக்கு முன்பே முக்கிய விவர அறிக்கை ஒன்றை, கடனாளிக்குப் புரியும் மொழியில், தர வேண்டும். ஏ.பி.ஆர்., கட்டணங்கள், முழு தவணை அட்டவணை எல்லாம் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிட விளம்பர வட்டியைவிட இந்த எண் நம்பகமானது. தனியார் கடனில் "5% பிளாட்" என்று சொன்னால் மட்டும் உஷாராக வேண்டும். குறையும் அசலைக் கணக்கில் எடுக்காத அந்த 5%, 20 ஆண்டுக் கடனில் வங்கிக் கணக்குப்படி ஏறக்குறைய 8%.

இனி எதிர்ப்பக்கம். 1.04 கோடி என்ற எண்ணைக் காட்டி மிரட்டும் காணொலிகள் ஒன்றை விட்டுவிடுகின்றன: 20 ஆண்டு கழித்துக் கட்டும் ரூபாயும் இன்றைய ரூபாயும் ஒன்றல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5% ஏறுவதாகக் கொண்டால், கடைசித் தவணையின் 43,391 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு 16,350 ரூபாய்தான். 240 தவணைகளையும் இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால் சுமார் 66.4 லட்சம். அதாவது 50 லட்சத்தைப் பயன்படுத்திக்கொண்டதற்கு இன்றைய பணத்தில் கொடுக்கும் விலை 16.4 லட்சம். சம்பளம் விலைவாசியோடு ஏறுபவருக்கு இது ஆறுதல். சம்பளம் நின்றுபோனவருக்கு 43,391 கடைசி வரை 43,391-தான். வரிச்சலுகையையும் பெரிதாக நம்ப வேண்டாம். நாம் குடியிருக்கும் வீட்டுக்கான வட்டிக்கழிவு பழைய வரித்திட்டத்தில் மட்டுமே, அதுவும் ஆண்டுக்கு 2 லட்சம் வரை. நம் கடனில் முதலாண்டு வட்டி 4.21 லட்சம். 30% வரி கட்டுபவருக்கு, வரிமீதான 4% செஸ்ஸையும் சேர்த்து, மிச்சம் 62,400 ரூபாய்.

விலையைக் குறைக்கும் வழி முன்கூட்டி அசல் கட்டுவது. எப்போது கட்டுகிறோம் என்பதைப் பொறுத்துப் பலன் ஏழு மடங்கு வரை மாறும். முதலாண்டு முடிவில் 2 லட்சம் கட்டித் தவணையை மாற்றாமல் விட்டால் 21 தவணை குறையும், வட்டியில் 7.3 லட்சம் மிச்சம். அதே 2 லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் ஏறக்குறைய 1 லட்சம். ஆண்டுக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டிவந்தால் கடன் மூன்றேகால் ஆண்டு முன்னதாக முடியும், சுமார் 10 லட்சம் மிச்சம். மாறும் வட்டியில் உள்ள தனிநபர் வீட்டுக்கடனுக்கு இதற்காக அபராதம் வாங்கக் கூடாது. வங்கிகளுக்கு 2012-இலேயே ரிசர்வ் வங்கி இதைத் தடுத்துவிட்டது. நிலையான வட்டிக் கடனுக்கு ஒப்பந்தத்தைப் பார்க்க வேண்டும்.

இங்கே அடிக்கடி நடக்கும் தவறு: பணத்தைக் கட்டிவிட்டு, அது அசலில் வரவு வைக்கப்பட்டதா என்று பார்க்காமல் விடுவது. சில இடங்களில் அது அடுத்த மாதங்களின் தவணைக்கான முன்பணமாக உட்கார்ந்துவிடும். இன்னும் சில இடங்களில் காலத்துக்குப் பதில் தவணையைக் குறைத்துவிடுவார்கள், பலனில் பெரும்பகுதி போய்விடும். "அசலில் வரவு, தவணை மாறாமல், காலம் குறைக்க" என்று எழுதிக் கொடுத்து, புது அட்டவணையை வாங்கி, அதில் நிலுவை சரியாக அந்தத் தொகை குறைந்திருக்கிறதா என்று பார்க்க வேண்டும். ஆறு மாதச் செலவுக்கான பணத்தைத் தனியே வைத்த பிறகுதான் இதெல்லாம். கட்டிய பணம் வீட்டுக்குள் போய்விட்டால் அவசரத்துக்குத் திரும்ப எடுப்பது சுலபமல்ல. அந்தப் பயம் உள்ளவர்களுக்கு ஓவர்டிராஃப்ட் வகை வீட்டுக்கடன் இருக்கிறது. உபரிப் பணத்தைக் கடன் கணக்கிலேயே போட்டு வட்டியைக் குறைத்துக்கொண்டு, வேண்டும்போது எடுக்கலாம். வட்டி விகிதம் பொதுவாகச் சற்றுக் கூடுதல். கணக்கில் பெருந்தொகை சும்மா இருப்பவருக்கு மட்டும் லாபம்.

கடைசித் தவணை கட்டிய பிறகும் ஒரு வேலை மிச்சம். வீட்டின் மூலப் பத்திரங்களை வங்கி 30 நாளுக்குள் திருப்பித்தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு. இது 2023 டிசம்பர் முதல் நடைமுறையில் உள்ளது. வாங்கிய பத்திரங்களைக் கடன் தொடக்கத்தில் கொடுத்த பட்டியலோடு ஒவ்வொன்றாகச் சரிபார்க்க வேண்டும். அடமானப் பதிவை நீக்கும் ரசீது ஆவணத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்து, வில்லங்கச் சான்று போட்டுப் பார்த்து, அதில் அந்த நீக்கம் ஏறியிருக்கிறதா என்று உறுதிசெய்ய வேண்டும். இதைச் செய்யாமல் விட்டவர்களுக்கு, பத்து ஆண்டு கழித்து வீட்டை விற்கப் போகும்போது அடைத்து முடித்த கடன் வில்லங்கச் சான்றில் அப்படியே நிற்கும்.