‘புதுப்பிப்பு ஏதும் இல்லை’ என்றால் என்ன பொருள்?

போன மாதம் போன வீட்டில், டிவிக்குப் பின்னால் தூசி படிந்த ஒரு சேமிப்புப் பெட்டி. குடும்பப் படங்கள், பழைய பாடல்கள், பேரனின் காணொளிகள் எல்லாம் அதில்தான். “பத்து வருடமாக ஒருநாளும் தொல்லை கொடுத்ததில்லை. டிஸ்க் மட்டும் நன்றாக இருக்கிறதா பாருங்கள் தம்பி” என்றார் வீட்டுக்காரர், ஓய்வுபெற்ற தலைமையாசிரியர்.

டிஸ்க் நன்றாகவே இருந்தது. பெட்டியின் அமைப்புப் பக்கத்தைத் திறந்தேன். ஃபர்ம்வேர், அதாவது பெட்டியை இயக்கும் உள் மென்பொருள், அதன் தேதி 2014. புதுப்பிப்பைத் தேடும் பொத்தானை அழுத்தினால், ‘உங்களிடம் இருப்பதே சமீபத்திய பதிப்பு’ என்று பச்சை எழுத்தில் பதில். பொய்யில்லை. அந்த மாடலுக்குக் கடைசியாக வந்த பதிப்பு அதுதான். தயாரித்தவர்கள் அதை எப்போதோ கைகழுவிவிட்டார்கள். படங்களையும் பாடல்களையும் மற்ற கருவிகளுக்கு அனுப்பும் மென்பொருளான மீடியா சர்வரும் அதே வயது. ரவுட்டரில் பார்த்தால், கருவிகள் கேட்டதும் ரவுட்டர் வழிவிடும் வசதியான யுபிஎன்பி வழியாகப் பெட்டி தானாகவே இணையத்துக்கு ஒரு போர்ட்டை, அதாவது வெளியிலிருந்து நுழையும் வாசலை, திறந்து வைத்திருந்தது. வெளிநாட்டிலிருக்கும் மகள் படம் பார்ப்பதற்காக யாரோ அமைத்துக் கொடுத்ததாம்.

2021 ஜூனில் வெஸ்டர்ன் டிஜிட்டலின் மை புக் லைவ் பெட்டிகளுக்கு நடந்ததை அவரிடம் சொன்னேன். கடைசி ஃபர்ம்வேர் 2015இல் வந்த பெட்டிகள் அவை. யாரோ இணையம் வழியாக நுழைந்து ஏராளமான பெட்டிகளை ஒரே வீச்சில் துடைத்துவிட்டார்கள். எல்லாவற்றையும் அழிக்கும் கட்டளைக்குமுன் கடவுச்சொல் கேட்க வேண்டிய வரிகள் நிரலில் இருந்தன. 2011இல் அவற்றை முடக்கிய நிறுவனத்தார் அப்படியே விட்டுவிட்டார்கள். அங்கேயும் டிஸ்க்குகளில் பழுதில்லை.

பெட்டி புதிதாக இருந்தாலும் மென்பொருளைக் கவனிக்காவிட்டால் இதே கதைதான். 2022இல், மற்றவர்களின் கடவுச்சொற்களைப் பாதுகாத்துக் கொடுக்கும் லாஸ்ட்பாஸ் நிறுவனத்துக்குள் புகுந்தவர்கள், அதன் பொறியாளர் ஒருவரின் வீட்டுக் கணினியில் இருந்த பிளெக்ஸ் என்ற மீடியா சர்வரின் பழைய பதிப்பு வழியாகத்தான் வந்தார்கள். அந்த ஓட்டையை அடைத்த பதிப்பு 2020 மே மாதமே வெளியாகியிருந்தது.

நகல் எடுக்காமல் நான் எதிலும் கை வைப்பதில்லை. முதலில் எல்லாவற்றையும் வெளி டிஸ்க்கில் ஏற்றி, அங்கங்கே சில படங்களைத் திறந்து சரிபார்த்தேன். பிறகு ரவுட்டரில் யுபிஎன்பியை நிறுத்தி, அந்த போர்ட்டை மூடினேன். பெட்டியின் மீடியா சர்வரை அணைத்துவிட்டு, சும்மா கிடந்த மடிக்கணினியில் லினக்ஸும், ஜெல்லிஃபின் என்ற மீடியா சர்வரும் போட்டேன். பெட்டிக்கு இனி கோப்புகளை வைத்திருப்பது மட்டுமே வேலை, அதுவும் வீட்டுக்குள்.

இந்த இடத்தில் பலர் சறுக்குவதைப் பார்க்கிறேன். புது விண்டோஸுக்குப் பழைய பெட்டி தெரியாது. உடனே யாராவது, கோப்புகளைப் பகிரும் பழைய முறையான எஸ்எம்பி 1ஐ விண்டோஸில் இயக்கிக் கொடுத்துவிட்டு, சரியாகிவிட்டது என்று காசு வாங்கிக்கொண்டு போவார்கள். 2017இல், கோப்புகளைப் பூட்டிப் பணம் கேட்ட வானாக்ரை என்ற தீநிரல் பரவிய வழி அது. பெட்டிக்கு அதைத் தவிர வேறு பேசத் தெரியாதென்றால் அதன் காலம் முடிந்தது. டிஸ்க் இன்னும் ஐந்து வருடம் உழைக்கும் என்றாலும் சரி.

இவர் பெட்டிக்கு எஸ்எம்பி 2 தெரிந்திருந்தது, தப்பித்தது. மகளுக்குத்தான் கொஞ்சம் வருத்தம். வெளியிலிருந்து வீட்டு நெட்வொர்க்குக்குள் பாதுகாப்பாக வர உதவும் வயர்கார்டை அவருக்காக அமைக்க அடுத்த ஞாயிறு போகிறேன். நகல் டிஸ்க் பீரோவில், நிலப்பத்திரங்களோடு இருக்கிறது.